பேட் எண்டையும் பார்த்துவிடுங்கள்

இருண்ட காதல் கதை சொல்லும் ஜப்பானிய விஷுவல் நாவல்களுக்கு (படித்துக்கொண்டே போய், இடையில் வரும் தேர்வுகளால் முடிவை மாற்றும் வீடியோ கேம்கள்) புதிதாக வருபவர்கள் பலரும், எந்தத் தேர்வை எடுக்க வேண்டும் என்று சொல்லும் வாக்த்ரூவைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, நல்ல முடிவை எட்டியதும் மூடிவிடுகிறார்கள். அப்படிச் செய்தால் கதாபாத்திரத்தின் பாதிதான் தெரியும். மீதி பேட் எண்டில், அதாவது மோசமாக முடியும் முடிவில் இருக்கிறது.

2011-இல் பிஎஸ்பி என்ற கையடக்க கேம் கருவிக்கு வந்த ‘அம்னீஷியா’வின் தோமாவைப் பாருங்கள். (கதை தெரிய வேண்டாம் என்பவர்கள் அடுத்த பத்திக்குப் போய்விடுங்கள்.) நாயகிக்கு நினைவு போய்விட்டது. தோமா சின்ன வயதுத் தோழன், அண்ணன் போலப் பார்த்துக்கொள்பவன். சிலர் அவளுக்குத் தொல்லை கொடுக்கிறார்கள் என்றதும், வெளியே போகாதே என்கிறான். அடுத்து மருந்து கலந்து கொடுக்கிறான். கடைசியில் கூண்டில் அடைக்கிறான். அதன்பின் முதல் நாட்களுக்குத் திரும்பிப் போனால், அப்போது இதமாக இருந்த அதே வரிகள் உடம்பைச் சில்லிட வைக்கும். காதல் முற்றி வெறியாகிவிடும் பாத்திரத்தை யாண்டெரே என்பார்கள். நல்ல யாண்டெரேவின் இலக்கணம் இதுதான்: அன்பு எங்கிருந்து வருகிறதோ, கொடுமையும் அங்கிருந்தே வர வேண்டும். முதல் காட்சியிலேயே கத்தியோடு நிற்பவன் சீக்கிரமே சலித்துவிடுவான்.

அதனால் ரூட் வரிசை, அதாவது எந்த நாயகனின் கதைப்பாதையை எப்போது ஆடுவது என்பது முக்கியம். மென்மையானவனின் ரூட்டை முதலில் முடியுங்கள். அந்த உலகில் எது இயல்பு என்று பிடிபடும். இருண்டவனை மூன்றாவதாக வையுங்கள். சில ரூட்டுகளை ஆட்டமே பூட்டி வைத்திருக்கும். ‘அம்னீஷியா’வில் மற்ற நான்கு நாயகர்களின் நல்ல முடிவுகளையும் பார்த்தால்தான் ஐந்தாமவன் உக்யோவின் ரூட் திறக்கும்.

ஆடிய இடத்தைச் சேமித்துவைக்கும் ‘சேவ்’ விஷயத்தில்தான் நிறையப் பேர் மாட்டிக்கொள்கிறார்கள். கடைசித் தேர்வுக்கு முன் ஒரே ஒரு சேவ் போதாது. முடிவைத் தீர்மானிக்கும் ஃபிளாக் (நம் தேர்வை ஆட்டம் குறித்துவைக்கும் அடையாளம்) பல தேர்வுகளுக்கு முன்பே விழுந்திருக்கும். எத்தனை முறை லோட் செய்தாலும் அதே முடிவுதான் வரும். ஒவ்வோர் அத்தியாயத் தொடக்கத்திலும் ஒன்று, ஒவ்வொரு தேர்விலும் ஒன்று என்று தனித்தனி ஸ்லாட்டில் வையுங்கள். ஒரே பொத்தானில் சேமிக்கும் ‘குவிக் சேவ்’-ஐ நம்ப வேண்டாம், புதியது பழையதை அழித்துவிடும். வரிகளை வேகமாகத் தாண்டவைக்கும் ஸ்கிப்பை ‘படித்தவை மட்டும்’ என்று வைத்துக்கொள்ளுங்கள். ‘எல்லாம்’ என்று இருந்தால், இரண்டாம் முறை மாறிவரும் ஒற்றை வரி கண்ணில் படாமலே ஓடிவிடும். பெரும்பாலும் அந்த வரிக்காகத்தான் திரும்பவும் ஆடுகிறோம்.

அடைத்துவைத்தல், கட்டாயப்படுத்துதல், தற்கொலை எல்லாம் இந்த வகையில் சகஜம். உள்ளடக்க எச்சரிக்கையைப் படித்துவிட்டே தொடங்குங்கள். பிடித்தவனுக்கு நேரும் கதியைக் காணவே தைரியம் வேண்டிய கதைகளும் உண்டு. 2021-இல் வந்த ‘விர்ஷ் எவர்மோர்’ நடக்கும் தீவில் 23 வயதைத் தாண்டி யாரும் வாழ்வதில்லை.

2012-இன் ‘டயபாலிக் லவ்வர்ஸ்’ போன்றவற்றுக்கு ஹெட்ஃபோன் கட்டாயம். மனிதத் தலை வடிவிலான மைக்கில் பதிந்த குரல் அது. இடது காதில் தொடங்கும் கிசுகிசு பிடரி வழியாக வலது காதுக்கு நகரும். ஹெட்ஃபோனை இடம் வலம் மாற்றிப் போட்டால், படத்தில் ஒரு பக்கம் நிற்பவன் மறுபக்கத்திலிருந்து பேசுவான்.