வேலூர்க் கோட்டைக்குள் ஒரு காலைநடை
ஞாயிறு காலை வேலூர்க் கோட்டையை நடந்தே சுற்றினோம். வழிகாட்டி ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர். அகழி, மதில், தேவாலயம் எல்லாம் வேகமாக முடிந்தன. ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத்தில்தான் கால் நின்றுவிட்டது. விதானத்தை அண்ணாந்து பாருங்கள்: கிளிகள் வட்டமாகத் தலைகீழாகத் தொங்கும், எல்லாமே கல்! இப்படிப்பட்ட கோயிலில் பல காலம் மூலவரே இல்லை. சத்துவாச்சாரியில் இருந்த லிங்கம் 1981-இல்தான் திரும்பி வந்தது.

அப்புறம் 1806 ஜூலை 10, வேலூர்ச் சிப்பாய்ப் புரட்சி. தோல் பட்டை வைத்த புதுத் தலைப்பாகை, நெற்றியில் சமயக்குறி கூடாது, தாடியை மழி என்று ஆங்கிலேயரிடமிருந்து அடுக்கடுக்காக உத்தரவு. பொறுத்துப் பார்த்த சிப்பாய்கள் விடிவதற்குள் கோட்டையைப் பிடித்தார்கள். திப்புவின் புலிக்கொடியும் ஏறியது. ஆற்காட்டிலிருந்து ஆங்கிலேயரின் குதிரைப்படை வந்து சில மணி நேரத்தில் எல்லாம் முடிந்துபோனது. பிடிபட்டவர்களைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டதை அவர் சொன்னபோது எனக்குத் தொண்டை அடைத்தது. 1857 சிப்பாய்க் கிளர்ச்சிக்கு அரை நூற்றாண்டு முன்னால், நம்ம ஊரில்!

வெளியூர்ச் சொந்தங்கள் வந்தால் நேராக ஸ்ரீபுரம் பொற்கோயிலுக்குக் கூட்டிப்போகிறோம். சரி, போகலாம். ஆனால் முதலில் இரண்டு மணி நேரம் கோட்டைக்குள் நடத்திக் காட்டுங்கள், மக்கான் சந்திப்பில் உள்ள புரட்சி நினைவுத்தூணையும் சேர்த்து.