கத்தலானில் கேட்டால் ஸ்பானிஷில் பதில்

ஸ்பானிஷ் தெரிந்தால் ஸ்பெயினில் பிழைத்துக்கொள்ளலாம் என்று கோவையில் இருந்தபோது எல்லாரும் சொன்னார்கள். பொய் இல்லை. முகவரிப் பதிவு, அடையாள எண், வங்கிக் கணக்கு, மருத்துவ அட்டை எல்லாம் ஸ்பானிஷிலேயே முடிந்தன. ஆனால் பார்சலோனாவின் கிராசியா பகுதியில் குடியேறிய பிறகு பார்த்தால், படிக்கட்டில் அக்கம்பக்கத்தார் பேசிக்கொள்வது வேறு மொழி. கத்தலான், பார்சலோனா இருக்கும் கத்தலோனியாவின் சொந்த மொழி. நான் தட்டுத்தடுமாறி "போன் தியா" என்று ஆரம்பிப்பேன். என் முகத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டு உடனே ஸ்பானிஷுக்கு மாறிவிடுவார்கள். மரியாதைக்காகத்தான் மாறுகிறார்கள். ஆனாலும் அது வாசலோடு பேசி அனுப்பிவிடுகிற மரியாதை.

அரசு நடத்தும் மொழிக் கூட்டமைப்பில் தொடக்கநிலை கத்தலான் வகுப்புக்குக் கட்டணம் கிடையாது. அதோடு சேர்ந்த தன்னார்வத் திட்டம் ஒன்றும் உண்டு: தாய்மொழிக்காரர் ஒருவர், நம்மைப் போல வந்தேறி ஒருவர், வாரம் ஒருமுறை உட்கார்ந்து பேச வேண்டும், அவ்வளவுதான். எனக்கு வாய்த்தவர் தையல் வேலை செய்து ஓய்வுபெற்ற, எண்பதை நெருங்கும் ஒரு அம்மாள். நான் சென்யோரா என்று கூப்பிடுவேன், அவர் என்னை மகளே என்பார். கத்தலானைத் தவிர வேறு மொழியில் என்னோடு பேச மாட்டேன் என்று முதல் நாளே சொல்லிவிட்டார். ஆனால் அவருடைய சந்தைப் பட்டியலைப் பார்த்தேன், உருளைக்கிழங்கு, காய்ந்த கருவாட்டு மீன், ப்ளீச் என்று அத்தனையும் ஸ்பானிஷில். ஏன் என்று கேட்டதற்கு, "எங்களுக்கு யார் எழுதச் சொல்லிக் கொடுத்தா மகளே? பள்ளிக்கூடத்துல இந்த மொழியில வாயைத் திறந்தாலே அடிதான்" என்றார்.

1939 முதல் 1975 வரை சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி. பள்ளியிலிருந்தும் அலுவலகத்திலிருந்தும் கத்தலானை வெளியே தள்ளினார்கள். வீட்டுக்குள்ளேயும் சந்தையிலும் அது பிழைத்துக் கிடந்தது. "பெண்கள்தான் மொழியைக் காப்பாற்றினார்கள்" என்று மேடையில் முழங்குவது எனக்குப் பிடிக்காது. காப்பாற்றியவர்களுக்குத் தங்கள் மொழியில் ஒரு கடிதம் எழுத வராமல் போனதை அந்த முழக்கம் மறைத்துவிடுகிறது.

அப்படியிருக்க, அந்த மொழியிலேயே நாவல் எழுதிய பெண்கள் யார் என்று தேடித்தான் நான் மெர்சே ரொதோரெதாவிடம் போய்ச் சேர்ந்தேன். 1908ல் இதே நகரத்தில் பிறந்தவர். உள்நாட்டுப் போரில் பிராங்கோவை எதிர்த்த குடியரசுப் பக்கம் தோற்றதும் 1939ல் பிரான்சுக்குத் தப்பிப் போனார், பிறகு ஜெனீவாவில் வாழ்ந்தார். தன் பெயர்பெற்ற நாவலான 'வைரச் சதுக்கம்' முழுவதையும் அங்கே உட்கார்ந்துதான் எழுதினார். 1962ல் வெளிவந்தது. நான் ரொட்டி வாங்கப் போகிற தெருக்களை, அவர் ஏதோ ஒரு குளிர்ந்த ஏரிக்கரை ஊரில் இருந்துகொண்டு நினைவிலிருந்தே எழுதியிருக்கிறார்.

அவர் வாழ்க்கையில் ஒரு செய்தி எந்தத் தமிழரையும் நிமிர்ந்து உட்கார வைக்கும். 1928ல், இருபதாவது பிறந்தநாளன்று, தன்னைவிடப் பதினான்கு வயது மூத்த தாய்மாமனையே கல்யாணம் செய்துகொண்டார். நம் ஊரில் என்றால் பத்திரிகை அடித்தால் போதும். அங்கே போப்பாண்டவரிடம் சிறப்பு அனுமதி வாங்க வேண்டியிருந்தது. ஐரோப்பிய ஆய்வாளர்கள் இந்தக் கல்யாணத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதும்போது எனக்குக் கொஞ்சம் சிரிப்பு வரும். ஆனால் அந்த மணவாழ்க்கை எப்படிப் போயிற்று என்று படித்தால் சிரிப்பு நின்றுவிடும், அதுவும் நம் ஊர்க் கதைதான்.

நாவலின் நாயகி நத்தாலியா மிட்டாய்க்கடையில் வேலை பார்க்கும் பெண். சதுக்கத்தில் திருவிழா நடனத்தில் சந்திக்கும் கிமெத், கேட்காமலேயே அவளுக்குக் "கொலொமேத்தா", குட்டிப் புறா, என்று பெயர் வைத்துவிடுகிறான். பிறகு வீடு முழுக்க நிஜப் புறாக்களையும் கொண்டுவந்து அடைக்கிறான். பீயும் நாற்றமும் அவள் தலையில். போரில் அவன் செத்துப்போகிறான். பட்டினி தாங்காமல் தூங்கும் பிள்ளைகளின் வாயில் புனல் வைத்து அமிலம் ஊற்றிவிட்டுத் தானும் சாவது என்று முடிவெடுத்து, கையில் காசில்லாமல் மளிகைக்கடைக்குப் போகிறாள். அந்த அமிலம் "சல்ஃபுமான்", கழிவறை கழுவுவது. இன்றைக்கும் இங்கே பல்பொருள் அங்காடியில் ப்ளீச்சுக்குப் பக்கத்திலேயே அடுக்கி வைத்திருக்கிறார்கள். புத்தகத்தைப் படித்த வாரத்தில் அந்த அலமாரி வழியாகப் போகாமல் சுற்றிப் போனேன்.

ஆங்கிலத்தில் மட்டும் இந்த நாவலை மூன்று பேர் மொழிபெயர்த்திருக்கிறார்கள். 1967ல் ஒன்று, 2013ல் பீட்டர் புஷ் செய்தது ஒன்று, இடையில் அமெரிக்கக் கவிஞர் டேவிட் ரோசென்தால் செய்தது. காரணம் சொல்வது கடினமில்லை. நத்தாலியா மூச்சுவிடாமல், "அப்புறம்", "அப்புறம்" என்று பேசிக்கொண்டே போகிறவள். திருத்தமான நடையில் போட்டால் செத்துவிடுவாள், கொச்சையில் போட்டால் கோமாளியாகிவிடுவாள்.

ரொதோரெதாவுக்கு முன்னால் லெஸ்காலா என்ற கடற்கரை ஊரின் கத்தரீனா அல்பேர்த் இருக்கிறார். குழந்தையைக் கொன்ற பெண் ஒருத்தி தனியாகப் பேசும் நாடகத்துக்கு 1898ல் பரிசு கிடைத்தது. எழுதியது ஒரு பெண் என்று தெரிந்ததும் ஊரே கொந்தளித்தது. அதன்பிறகு வாழ்நாள் முழுவதும் விக்தோர் கத்தலா என்ற ஆண் பெயரில்தான் எழுதினார். இவர்களையெல்லாம் ஒரே வரிசையில் வைத்துப் படிக்கக் கற்றுக்கொடுத்தவர் கவிஞர் மரியா மெர்சே மார்சால். பெண்ணாக, ஏழையாக, ஒடுக்கப்பட்ட இனத்தில் பிறந்ததை மூன்று வரங்கள் என்று பாடியவர். ரஷ்யக் கவிஞர்களான அக்மதோவாவையும் ஸ்வெதாயெவாவையும் கத்தலானுக்குக் கொண்டுவந்த இருவரில் ஒருவர். 1998ல் நாற்பத்தாறு வயதுகூட ஆகாமல் இறந்துபோனார். மொழிபெயர்ப்பையும் ஆய்வையும் கவிதையையும் அவர் தனித்தனி வேலையாகப் பார்க்கவில்லை. எனக்கு அதுதான் பெரிய விஷயம்.

நான் படிக்கப் போவது பிரான்செஸ்கா பொன்னெமைசோன் நூலகத்துக்கு. 1909ல் உழைக்கும் பெண்களுக்கென்றே தொடங்கியது. இப்போது நகராட்சி நூலகம், ஆண்களும் வரலாம். உயரமான ஜன்னல்கள், மதியத்தில் ஹீட்டர் பக்கத்து நாற்காலிக்குப் போட்டி.

புதிதாக வருகிற நம்மவர்களுக்கு நான் முதலில் கையில் கொடுப்பது ஸ்பானிஷில் எழுதப்பட்ட கார்மென் லஃபோரெத்தின் 'நாதா'. 1944ன் முதல் நாதால் பரிசை 23 வயதில் வாங்கினார். நள்ளிரவில் பிரான்சா ரயில் நிலையத்தில் வந்திறங்கி, அரிபாவ் தெருவில் உறவினர் வீட்டுக்குப் போய் அரண்டு நிற்கும் பெண்ணின் கதை, வந்திறங்கிய எவருக்கும் புரியும். அதே நாதால் பரிசு 2021ல் நஜாத் எல் ஹஷ்மிக்குப் போயிற்று. மொராக்கோவில் பிறந்து எட்டு வயதில் கத்தலோனியாவின் விக் நகரத்துக்கு வந்தவர், கத்தலானில் எழுதி 2008லேயே ரமோன் லியூல் பரிசு வாங்கியவர். அவரைப் பார்த்து இங்கே யாரும் சட்டென்று மொழி மாற்ற முடியாது.

கத்தலான் இலக்கியத்தை மொழிபெயர்க்கும் வெளிநாட்டுப் பதிப்பகங்களுக்கு ரமோன் லியூல் நிறுவனம் நிதி தருகிறது. தமிழ்ப் பதிப்பாளர்கள் காதில் இதைப் போட்டு வைக்கிறேன். ஆங்கிலம் வழியாகச் சுற்றி வராமல் நேராக வரட்டும்.

சென்யோராவுக்கு ரொதோரெதாவைப் பிடிக்காது. அழுகை அதிகம் என்பார். கிமெத் அப்படியொன்றும் மோசமானவன் இல்லை, தன் அப்பாவும் அப்படித்தான், நாள் முழுக்க உழைத்தவன் வீட்டில் கொஞ்சம் கத்தத்தான் செய்வான் என்பது அவர் கட்சி. "பெண்டாட்டி பெயரையே மாத்திட்டானே சென்யோரா" என்பேன். "செல்லப் பெயர் வைக்கிறது குத்தமா?" என்பார். "புறா பீயை யார் அள்ளினது?" என்று நான் விடமாட்டேன். காபி ஆறிப்போகும் வரை சண்டை. போன வாரம் பக்கத்து மேசைக்காரர் என்னிடம் ஸ்பானிஷில் ஏதோ சமாதானம் சொல்ல வந்தார். சென்யோரா அவரைக் கத்தலானிலேயே ஒரு பிடி பிடித்துவிட்டு, மறுபடி என் பக்கம் திரும்பி கிமெத்துக்கு வக்காலத்து வாங்க ஆரம்பித்தார்.