மரப்படிக்கு நாங்களே கார்ப்பெட் போட்ட கதை

வீட்டு மரப்படிகளுக்கு ஆள் வைக்காமல் நானும் தம்பியுமாகக் கார்ப்பெட் போட்டு முடித்தோம். செய்யப்போகிறவர்களுக்கு முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். படியில் கார்ப்பெட் அதிகம் அடிவாங்குவது நடுவில் இல்லை, முன்னால் நீட்டிக்கொண்டிருக்கிற விளிம்பில், அதாவது படியின் மூக்கில். இறங்கும்போது உடம்பின் எடை அங்கேதான் விழுகிறது. அந்த இடத்தில் கொஞ்சம் தொளதொளவென்று இருந்தாலும் கால் நழுவும், சீக்கிரம் தேய்ந்தும் போகும். அதனால் எதை வாங்குவது, எப்படி வெட்டுவது என்று எல்லாவற்றையும் மூக்கை வைத்தே முடிவு செய்தோம்.

கடையில் அமுக்கிப் பார்த்தால் புசுபுசுவென்று விரல் புதைகிற ரகம் படிக்கு ஆகாது. இழை குட்டையாக, நெருக்கமாக இருக்க வேண்டும். சாம்பிள் துண்டை வெளிப்பக்கமாக மடக்கிப் பார்த்தேன், இழை பிரிந்து அடித்துணி பல்லிளித்ததை எல்லாம் அப்படியே ஓரங்கட்டினேன். மூக்கில் போய் மடங்கும்போதும் இதேதான் நடக்கும். கார்ப்பெட்டுக்குக் கீழே மெத்தை மாதிரி போடுகிற அண்டர்லேயும் தடிமனாக இருந்தால் விளிம்பு உருண்டு, படி எங்கே முடிகிறது என்று காலுக்குத் தெரியாமல் போய்விடும். 10 மில்லிமீட்டரைத் தாண்டாமல், கெட்டியானதாகப் பார்த்து எடுத்தோம்.

கார்ப்பெட் போட்டால் படியின் கிரீச் சத்தம் அமுங்கிவிடும் என்பதெல்லாம் சும்மா. மூடிய பிறகு அதைச் சரிசெய்ய வழியில்லை, அதனால் ஒவ்வொரு படியிலும் ஏறி நின்று ஆட்டிப் பார்த்து, சத்தம் வந்த இடத்தில் எல்லாம் ஸ்க்ரூ போட்டு இறுக்கினோம். பழைய ஸ்டேப்ளர் கம்பிகளைக் குறடால் பிடுங்கியது தனிக் கொடுமை, அதைப் பற்றிப் பேசவே வேண்டாம்.

ஒரே நீளத் துண்டை மேலிருந்து கீழே தொங்கவிட்டபடி போடுகிற முறை ஒன்று உண்டு. வேலை சீக்கிரம் முடியும், ஆனால் மூக்கின் அடியில் ஒட்டாமல் நேராக இறங்கும். எங்களுக்கு அது பிடிக்கவில்லை. படிக்கு ஒரு துண்டு, மூக்கைச் சுற்றி அடியில் இறுக்கிப் பிடிப்பது என்று போனோம். அகலத்தையும், படியின் ஆழம், மூக்கின் சுற்று, கீழே நிமிர்ந்து நிற்கிற பலகையின் உயரம் எல்லாம் சேர்ந்த நீளத்தையும் படிக்குப் படி அளந்து எழுதிக்கொள்ளுங்கள், பார்க்க ஒரே மாதிரி இருந்தாலும் இருக்காது. அளவோடு எல்லாப் பக்கமும் 25 மில்லிமீட்டர் கூட்டி, கார்ப்பெட்டைக் கவிழ்த்துப்போட்டு முதுகுப்பக்கத்திலிருந்து வெட்டினோம். வளையம் வளையமாக இருக்கிற ரகமென்றால் மேல்பக்கத்தில் வரிசைக்கு நடுவே வெட்ட வேண்டும், இல்லாவிட்டால் வளையங்கள் அறுந்து நூல் உருவிக்கொண்டு வரும். வெட்டுவதற்கு முன்பே உள்ளங்கையால் தடவி, இழை சாய்கிற பக்கம் கீழ்நோக்கி வருமாறு ஒவ்வொரு துண்டிலும் சாக்பீஸால் அம்புக்குறி போட்டுவிட்டோம். அம்புக்குறி இல்லாமல் துண்டுகள் கலந்துபோனால், ஒரு படி வெளுத்தும் ஒரு படி கறுத்தும் தெரியும்.

மேல்படியில் தொடங்கிக் கீழே இறங்கினோம். கார்ப்பெட்டைக் கவ்விப் பிடிக்கச் சின்ன ஆணிமுனைகள் நீட்டிக்கொண்டிருக்கிற மெல்லிய மரப்பட்டைதான் ஆணிப்பட்டை. அதை எல்லாப் படியிலும் முன்கூட்டியே அடித்துவைக்கவில்லை, முட்டி போடுகிற இடத்தில் அந்த ஆணிமுனைகள் இருந்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை. பட்டை, படியின் பின்மூலையிலிருந்து 15 மில்லிமீட்டர் தள்ளி, முனைகள் பின்னால் நிமிர்ந்து நிற்கிற பலகையைப் பார்த்தபடி இருக்க வேண்டும். அதன் முன்விளிம்பிலிருந்து அண்டர்லேயைத் தொடங்கி, மூக்கைச் சுற்றி அடியில் ஸ்டேப்ளர் அடித்தோம். அப்புறம் கார்ப்பெட் துண்டை விரித்து, முட்டியால் இடித்துத் தள்ளுகிற கிக்கர் என்ற கருவியை வைத்து முதலில் நடுவில், பிறகு இரு ஓரங்களிலும் பின்னால் தள்ளினால், ஆணிகள் அடித்துணியைக் கவ்விக்கொள்ளும். அகல உளியின் முனை மழுங்கியதாகப் பார்த்து எடுத்து, மிச்ச விளிம்பை அந்த 15 மில்லிமீட்டர் சந்துக்குள் குத்தி இறக்கினோம். கூராக இருந்தால் கார்ப்பெட்டையே வெட்டிவிடும்.

இனிதான் மூக்கு. தம்பி துண்டை முன்னால் இழுத்து மடக்கி அழுத்திப் பிடிக்க, நான் அடியில் ஸ்க்ரூடிரைவரால் இழையை வகிடு எடுத்த மாதிரி பிரித்து, அந்தப் பிளவுக்குள் ஸ்டேப்ளரை வைத்து அடித்தேன். பிறகு விரலால் இழையைக் கலைத்துவிட்டால் கம்பி தெரியாது. நடுவிலிருந்து ஓரத்துக்குப் போக வேண்டும், ஓரத்தில் தொடங்கினால் நடுவில் சுருக்கம் நின்றுவிடும். அடித்து முடித்ததும் கட்டைவிரலை மூக்கின் மேல் வைத்து முன்னும் பின்னும் தள்ளிப் பார்ப்பேன், துணி கொஞ்சம் நகர்ந்தாலும் கம்பியைப் பிடுங்கி மறுபடி இழுப்போம். தம்பிக்கு இதில் ஏகப்பட்ட எரிச்சல். மிச்சத்தை நிமிர்ந்த பலகையின் மேல் இறக்கி, அடிவிளிம்பில் ஸ்டேப்ளர் அடித்தால் அந்தப் படி முடிந்தது. அடுத்த படியின் பின்விளிம்பு அதே சந்துக்குள் வந்து இந்தக் கம்பிகளை மறைத்துவிடும்.

கொஞ்ச நாளைக்குப் பஞ்சு உதிர்ந்துகொண்டே இருக்கும், வேக்குவம் போட்டால் போதும். மிச்சமான கார்ப்பெட்டில் இரண்டு படிக்கு ஆகிற துண்டைச் சுருட்டிப் பரணில் வைத்திருக்கிறோம். தனித்தனித் துண்டாகப் போட்டதால், எந்தப் படி முதலில் தேய்கிறதோ அதை மட்டும் கழற்றி மாற்றிக்கொள்ளலாம்.