உடம்பால் நடித்த வொம்னித்ஸ்கி

போலந்து சினிமா என்றதும் பலரும் நடிகர் சிபுல்ஸ்கியைத்தான் சொல்கிறார்கள். கறுப்புக் கண்ணாடியும், ஓடும் ரயிலில் தொற்றி ஏறப்போய் நேர்ந்த மரணமும் அவரைக் காவிய நாயகனாக்கிவிட்டன. எனக்கு இதில் தீராத ஆற்றாமை உண்டு. அவரோடு நடித்த தாதெயுஷ் வொம்னித்ஸ்கி அவரைவிடப் பெரிய நடிகர் என்பேன்.

1927-இல் பிறந்த வொம்னித்ஸ்கி, போர் முடிந்த கையோடு கிராகோவில் மேடை ஏறியவர். 1955-இல் வெளிவந்த, இயக்குநர் வாய்தாவின் முதல் முழுநீளப் படமான 'ஒரு தலைமுறை'யில் இவர்தான் கதாநாயகன். சிபுல்ஸ்கிக்கும், பின்னாளில் இயக்குநராகப் புகழ்பெற்ற பொலான்ஸ்கிக்கும் அதில் சிறிய வேடங்களே.

அவரை அறிய விரும்புகிறவர்களுக்கு நான் முதலில் சொல்வது, 1960-இல் வாய்தா எடுத்த 'வெகுளி மந்திரவாதிகள்'. வெளுத்த தலைமுடியோடு ஓர் இளம் மருத்துவர். பகலில் குத்துச்சண்டை வீரர்களைச் சோதிப்பவர், இரவில் ஜாஸ் குழுவில் டிரம்ஸ் வாசிப்பவர். முன்பின் தெரியாத பெண்ணோடு அறைக்குள் விடிய விடியப் பேச்சு. மேசை விளிம்பில் தீப்பெட்டியை வைத்து விரலால் சுண்டி விளையாடுகிறார்கள். தோற்றால் ஓர் ஆடையைக் களைய வேண்டும். அந்த விரலைப் பாருங்கள். வாய் அலட்சியமாகப் பேசிக்கொண்டிருக்க, உள்ளே இருக்கும் பதற்றத்தை விரல் காட்டிக்கொடுத்துவிடும். அவர் நடிப்பின் சூட்சுமமே இதுதான்: சொல்லுக்கு முன்னால் உடம்பு வந்துவிடும்.

போலந்து மக்கள் அவரைக் கொண்டாடியது குள்ள உருவமும் மின்னல் வேக வாள்வீச்சும் கொண்ட வீரன் வொலொடியோவ்ஸ்கியாக. சென்கியேவிச்சின் நாவலை ஹோஃப்மன் 1969-இல் படமாக்கினார். நல்ல படம்தான். ஆனால் அது அவருடைய உச்சம் இல்லை.

உச்சம் மேடையில். 1962-இல் வார்சாவில், எர்வின் ஆக்ஸர் இயக்கத்தில், ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகத்தில் அர்துரோ ஊயி ஆனார். ஹிட்லரை ரவுடித் தலைவனாக்கிய நாடகம் அது. எப்படி நடப்பது, நிற்பது, கையை எங்கே வைப்பது என்று ஒரு பழைய நடிகரிடம் ஊயி பாடம் கேட்கும் காட்சி வரும். நடக்கத் தெரியாதவனாகத் தொடங்கி, கூட்டத்தை மிரட்டுகிறவனாக நம் கண் முன்னால் மாற வேண்டும். உடம்பால் நடிப்பவருக்கு இதைவிட என்ன வேண்டும்? மேடை நடிப்பில் பெரும்பகுதி அன்றன்றைக்கே கரைந்துபோய்விடுகிறது என்பதுதான் வயிற்றெரிச்சல். 1981-இல் 'அமேதியஸ்' நாடகத்தை வார்சாவில் இயக்கி இசைமேதை மொஸார்ட்டாகவும் நடித்தார் பொலான்ஸ்கி; மொஸார்ட்டைக் கண்டு பொறாமைப்படும் இசைஞர் சலியேரியாக வொம்னித்ஸ்கி.

1970 முதல் 1981 வரை வார்சா நாடகக் கல்லூரியின் தலைவர். கம்யூனிஸ்ட் கட்சியின் மத்தியக் குழுவிலும் இருந்தார். பலர் இதை மன்னிக்கவில்லை. 1981 டிசம்பரில் ராணுவச் சட்டம் வந்தபோது கட்சியை விட்டு வெளியேறினார்.

1992 பிப்ரவரி 22. போஸ்னான் நகரில் ஷேக்ஸ்பியரின் 'லியர் மன்னன்' நாடக ஒத்திகை. அரங்கேற்றத்துக்குச் சில நாட்களே இருந்தன. இன்னும் உயிர் மிச்சமிருக்கிறது, முடிந்தால் ஓடிப் பிடியுங்கள் என்று லியர் ஓடும் இடம். வசனத்தைச் சொல்லி ஓடினார்; விழுந்தார்; இதயம் நின்றுவிட்டது. வயது 64. மேடையிலேயே உயிர் விட்டார் என்று இதைப் புகழ்ந்து பேசுகிறார்கள். என்னால் முடியவில்லை. நமக்கு அந்த லியர் கிடைக்காமலே போய்விட்டார்.

ஒரே ஒரு காட்சிதான் பார்க்க நேரம் உண்டு என்பவர்களுக்கு இயக்குநர் கீஷ்லோவ்ஸ்கியின் 'குருட்டு வாய்ப்பு' படம். 1981-இல் எடுக்கப்பட்டு, தணிக்கையில் சிக்கி, 1987-இல்தான் திரைக்கு வந்தது. தன் கட்சியே சிறையில் தள்ளிய பிறகும் நம்பிக்கையை முழுதாக விட முடியாத முதிய கம்யூனிஸ்ட் வெர்னராக வொம்னித்ஸ்கி. இளைஞனிடம் தன் கதையைச் சொல்கிறார். நியாயப்படுத்தவும் இல்லை, கெஞ்சவும் இல்லை. மத்தியக் குழுவில் இருந்த ஒரு மனிதர், கட்சியிலிருந்து விலகிய அதே ஆண்டில் நடித்த வேடம் இது. அதை மனதில் வைத்துக்கொண்டு அவர் முகத்தைப் பாருங்கள்.