பிள்ளையை ஊருக்கு அனுப்பாத கதை

2022 டிசம்பரில், லண்டனில் பனி கொட்டிய வாரத்தில்தான் வந்து இறங்கினோம். முதியோர் இல்லத்தில் பராமரிப்பு வேலைக்கான விசா எனக்கு. கணவரும் ஏழு வயதுப் பையனும் கூட வந்தார்கள். வடமேற்கு லண்டனில் வில்ஸ்டன் கிரீன் என்ற இடம். பழைய வீடு ஒன்றின் மாடியில் ஒற்றை அறை. கரண்டுக்கு முன்பணம் கட்ட வேண்டும். கடையில் சாவியில் காசு ஏற்றிக்கொண்டு வந்து மீட்டரில் செருகினால்தான் ஹீட்டர் சூடாகும். சாவியில் காசு கரைவதைப் பார்த்துப் பயந்து, பள்ளி விட்டதும் பையனை நேரே ஹை ரோட்டு நூலகத்துக்குக் கூட்டிப் போகப் பழகினோம். அங்கே யாரும் எதுவும் கேட்கவில்லை. கதகதப்பாக இருந்தது.

நூலகத்தில் இருந்த ஒரு அம்மாதான், "இது இந்த ஊர்க் கதை, இங்கேயே வளர்ந்த பெண் எழுதியது" என்று 'வைட் டீத்' நாவலை எடுத்துக் கொடுத்தார். ஸேடி ஸ்மித். 1975இல் பிறந்தவர். அம்மா ஜமைக்காக்காரர், அப்பா ஆங்கிலேயர். 14 வயதில் தன் பெயரின் முதல் எழுத்தைத் தானே மாற்றிக்கொண்டவர். கேம்பிரிட்ஜில் படிக்கும்போதே எழுதத் தொடங்கிய இந்த முதல் நாவல் 2000இல் வந்தபோது அவருக்கு வயது 24.

ஐந்நூறு பக்கத்துக்கு மேல். எனக்கு ஆங்கிலம் படிக்க வரும், ஆனால் மெதுவாக. தென்காசியில் ஒன்பது வருஷம் கணக்கு டீச்சராக இருந்தவள் நான். இரவு ஷிப்ட் முடிந்து, கையில் கிருமிநாசினி வாடை போகாமல் உட்கார்ந்து பத்துப் பத்துப் பக்கமாகப் படித்தேன்.

அதில் சமத் இக்பால் என்று ஒருவர். வங்கதேசத்துக்காரர். இரண்டாம் உலகப் போரில் சண்டை போட்டவர், ஒரு கை செயலற்றவர், விஞ்ஞானம் படித்தவர். லண்டனில் உறவுக்காரர் ஹோட்டலில் சர்வர் வேலை. நான் சர்வர் இல்லை, மாணவனாக இருந்தவன், விஞ்ஞானி, போர்வீரன் என்று எழுதிய ஒரு பெரிய பலகையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு நடக்க வேண்டும்போல அவருக்கு இருக்கிறது. அந்தப் பக்கத்தைப் படித்துவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். அன்றைக்குக் காலையில்தான் ஒரு முதியவருக்கு மாத்திரைக் கணக்கை விளக்கிக்கொண்டிருந்தபோது, இல்லத்தின் மேற்பார்வையாளர் வந்து, உனக்குக் கூட்டல் தெரியுமா என்று கேட்டிருந்தார்.

சரி, நான் சொல்ல வந்தது அதுவல்ல. சமத்துக்கு மஜித், மில்லத் என்று இரட்டைப் பிள்ளைகள். இங்கே வளர்ந்தால் கெட்டுவிடுவார்கள் என்று ஊருக்கு அனுப்ப நினைக்கிறார். இரண்டு பேருக்கும் பணம் போதவில்லை. ஒருவனுக்குத்தான் டிக்கெட். மனைவி அல்சனாவிடம் சொல்லாமல் மஜிதை விமானம் ஏற்றிவிடுகிறார். அதன் பிறகு அல்சனா அவருக்கு எதற்குமே ஆமாம் என்றோ இல்லை என்றோ நேரான பதில் சொல்வதில்லை. இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். அவ்வளவுதான். வருஷக்கணக்கில்.

எங்கள் வீட்டில் அந்த வாரம் இதே பேச்சுத்தான் ஓடிக்கொண்டிருந்தது. எனக்கு இரவு வேலை, கணவருக்கு அதிகாலையில் கிடங்கு வேலை. நடுவில் பையன் பல நாள் பிரெட்டைத் தின்றுவிட்டுத் தூங்கினான். அத்தை போனில், "பிள்ளைய இங்க அனுப்பிரு, நாங்க பாத்துக்கிடுதோம்" என்றார்கள். அவர்கள் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை. எங்கள் இல்லத்திலேயே வேலை செய்யும் மூன்று பேர் பிள்ளைகளை ஊரில் விட்டிருக்கிறார்கள். அவரும் டிக்கெட் விலை பார்த்துவிட்டார்.

நாவலில் ஊருக்குப் போன மஜித், ஆங்கிலேயனைவிட ஆங்கிலேயனாகத் திரும்பி வருகிறான். இங்கேயே இருந்த மில்லத் மதத் தீவிரக் கும்பலில் சேர்கிறான். எங்கே வைத்து வளர்த்தாலும் பிள்ளை தன் வழியில்தான் போகும் என்று இதற்குப் பொருள் சொல்லலாம். எனக்கு அது பெரிதாகப் படவில்லை. இரட்டையரில் ஒருவன் போன பிறகு வீட்டில் காலியாகிவிட்ட அந்த இடம்தான் என்னைப் பிடித்துக்கொண்டது. கணவரிடம் அந்தக் கதையைச் சொன்னேன். தமிழில், எனக்குத் தெரிந்த மட்டும். கேட்டுவிட்டு, "அப்புறம் அந்த அம்மா பேசவே இல்லையா?" என்றார். டிக்கெட் பேச்சை அதன் பிறகு எடுக்கவில்லை. அதிகாலை வேலையை விட்டுவிட்டு, பையனின் பள்ளி நேரத்துக்குத் தோதான வேலை தேடினார். நான்கு மாதம் கஷ்டப்பட்டோம்.

நாவலின் கடைசிப் பகுதி எனக்கு ஒப்பவில்லை. மரபணு மாற்றிய எலி, எல்லாரையும் ஒரே மண்டபத்தில் கொண்டுவந்து சேர்ப்பது என்று நெரிசல் கூடிவிடுகிறது. அப்போதே ஜேம்ஸ் வுட் என்ற விமர்சகர் இதைக் குறை சொல்லியிருக்கிறார். ஸ்மித்தும் அந்த விமர்சனத்தில் நியாயம் இருக்கிறது என்று ஒப்புக்கொண்டார். அப்படி ஒப்புக்கொண்டு, அடுத்தடுத்த நாவலில் வேறு மாதிரி எழுதிப் பார்க்கிறாரே, அதனாலேயே அவரை விடாமல் படிக்கிறேன்.

'என்டபிள்யூ' 2012இல் வந்தது. எங்கள் அஞ்சல் குறியீட்டின் முதல் இரண்டு எழுத்துதான் தலைப்பு. ஒரே அரசுக் குடியிருப்பில் வளர்ந்தவர்களின் கதை. அதில் கெய்ஷா என்ற பெண் படித்து, வக்கீலாகி, நேட்டலி என்று பெயரையும் மாற்றிக்கொள்கிறாள். எல்லாம் கிடைத்த பிறகும் தான் யாரென்று அவளுக்குப் பிடிபடவில்லை. அவள் கதை மட்டும் எண் போட்ட 185 துண்டுகளாக வருகிறது. சில துண்டு ஒரே வரி. 'வைட் டீத்' எழுதிய அதே கைதானா என்று தோன்றும். 2016இல் வந்த 'ஸ்விங் டைம்' நாவலிலும் நடனம் கற்கும் இரண்டு சிறுமிகளில் ஒருத்தி மேலே போகிறாள், ஒருத்தி அங்கேயே நின்றுவிடுகிறாள். அமெரிக்கக் கல்லூரி ஊரில் நடக்கும் 'ஆன் பியூட்டி' 2006இல், பெண் எழுத்தாளர்களின் நாவலுக்குத் தரும் ஆரஞ்சுப் பரிசு வாங்கியது. நல்ல நாவல்தான், ஆனால் எனக்கு அவர் இந்தத் தெருக்களில் நிற்கும்போதுதான் வேண்டும்.

நாங்கள் ஒதுங்கிய அந்த நூலகத்துக்காகவும் அவர் எழுதியிருக்கிறார். 2012இல், பழைய நூலகத்தை இடித்துக் குடியிருப்போடு சேர்த்துப் புதிதாகக் கட்டும் திட்டம் வந்தபோது, கடைத்தெருவில் உன் பணத்தையோ ஆன்மாவையோ கேட்காத ஒரே இடம் நூலகம்தான் என்கிற பொருளில் ஒரு கட்டுரை. புதிய கட்டடம் 2015இல் திறந்தது. 1894இல் கட்டிய முகப்பின் ஒரு பகுதி மட்டும் ஒட்டி நிற்கிறது. கட்டுரையைப் படித்த நாளில் சாவியில் காசு இல்லாத அந்த ஜனவரி நினைவுக்கு வந்து அழுதேன்.

2023இல் வந்த 'தி ஃப்ராட்' இப்போது கையில் இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டுக் கதை. ஜமைக்காவில் அடிமையாகப் பிறந்த ஆண்ட்ரூ போகிள் என்பவர், உண்மையில் வாழ்ந்தவர், லண்டனைக் கலக்கிய ஒரு வழக்கில் சாட்சி சொல்கிறார். போகிள் என்ற பெயரைப் பார்த்ததும் எழுந்து போய் 'என்டபிள்யூ'வைப் புரட்டினேன். அங்கே தெருவில் அலையும் நேத்தன் என்ற இளைஞனுக்கும் போகிள்தான் பெயர்.

போன சனிக்கிழமை 52ஆம் எண் பஸ்ஸில், மாடியில் முன் இருக்கை கிடைத்தது. சமத்தும் ஏறிப்போகிற பஸ். பையனுக்கு இப்போது பத்து வயது. ஆச்சிக்கு வீடியோ போட்டு, "அந்தா ஆச்சி, கென்சல் ரைஸ் வருது" என்று காட்டிக்கொண்டு வந்தான்.

"எப்பல ஊருக்கு வருவ?" என்று ஆச்சி கேட்க, அவன் போனை என் பக்கம் திருப்பினான்.

"ஜூலை கடைசில லீவு விடுதாங்க அத்தை. டிக்கெட் போட்டாச்சு. மூணு பேருக்கும், போக வர."