கொசஸ்தலையாறு கடலைச் சேரும் இடம்

பூண்டி நீர்த்தேக்கத்தின் கரையில் நின்று கொசஸ்தலையாற்றைப் பலமுறை பார்த்திருக்கிறேன். 1944-ல் சென்னையின் குடிநீருக்காக அங்கே அணை கட்டினார்கள். அந்த ஆறு கடலில் கலக்கிற இடத்தைப் பார்க்க வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. சென்ட்ரலில் கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலில் ஏறி எண்ணூரில் இறங்கினால் ஆறு பக்கம்தான். இறங்கிய உடனே கண்ணில் படுவது புகைபோக்கிகள்.

காட்டுக்குப்பத்தில் எனக்காகப் படகு எடுத்தவர் அறுபதைத் தாண்டியவர். எஞ்சின் இருந்தும் போடவில்லை, கழி ஊன்றித்தான் தள்ளினார். "இங்க எஞ்சின் போட்டா காத்தாடி தரை தட்டும் தம்பி, தண்ணி அவ்ளோதான் இருக்கு" என்றார். அவர் பையனாக இருந்தபோது அதே இடத்தில் கழி அடி தொடாதாம். நாங்கள் போனது நடு ஆறு. கழி பாதிகூட முங்கவில்லை.

காரணம் சாம்பல். அனல்மின் நிலையத்தில் நிலக்கரி எரிந்து மிஞ்சும் சாம்பலைத் தண்ணீரில் கரைத்துக் குழாய் வழியாகச் செப்பாக்கம் பக்கமுள்ள சாம்பல் குளத்துக்கு அனுப்புகிறார்கள். குழாய்கள் கழிமுகத்தின் மேலாகவே போகின்றன. வட சென்னை அனல்மின் நிலையம் 1990-களில் ஓடத் தொடங்கியதிலிருந்து இதுதான் ஏற்பாடு. குழாய் துருப்பிடிக்கும், உடையும். உடையும் போதெல்லாம் கரைசல் ஆற்றில் விழும், படியும். வருஷக்கணக்கில் படிந்து படிந்து ஆற்றின் அடி மேலே ஏறிவிட்டது. அதில் ஆர்சனிக், ஈயம், பாதரசம் எல்லாம் கொஞ்சம் கொஞ்சம் உண்டு.

ஒரு திட்டில் படகை நிறுத்தச் சொல்லி இறங்கினேன். மேலே ஒரு மெல்லிய பழுப்பு ஏடு, அதற்குக் கீழே வெளிறிய சாம்பல் நிறம். கையில் எடுத்துத் தேய்த்தால் மணலின் நறநறப்பு இல்லை, முகப்பவுடர் போல விரலிடுக்கில் வழிந்து போகிறது. புழுவின் வளை இல்லை, நண்டுப் பொந்தும் இல்லை. பத்தடி தள்ளி அலையாத்திகளுக்கு அடியில் கறுப்புச் சேறு இருந்தது. அங்கே சின்ன நண்டுகள் ஓடிக்கொண்டிருந்தன. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தபோது எனக்குப் பேச்சு வரவில்லை.

அத்திப்பட்டுப் பக்கக் கரையில் இருளர் பெண்கள் சிலர் இடுப்பளவு தண்ணீரில் நகர்ந்துகொண்டிருந்தார்கள். பனையோலையில் முடைந்த பறிக்கூடையைப் பல்லில் கவ்விக்கொண்டு, இரண்டு கையாலும் சேற்றைத் தடவி இறால் பிடிப்பார்கள். வலை, தூண்டில் எதுவும் கிடையாது. இறால் எந்தச் சேற்றில் பதுங்கும், எப்போது துள்ளும் என்று விரல் நுனிக்குத் தெரியும். கரையேறிய ஓர் அக்காவிடம் பேச்சுக் கொடுத்தேன். "கால வச்சாலே தெரிஞ்சிடும் தம்பி. சேறுன்னா கால புடிக்கும், சாம்பல்னா வழுக்கும். சாம்பல்ல இறால் தங்காது" என்றார். கையைக் காட்டினார். நகத்தைச் சுற்றித் தோல் வெந்தது போல இருந்தது. இராத்திரியெல்லாம் அரிப்பாம். வேறு வேலைக்குப் போகலாமே என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தொட்டே ஓர் ஆற்றைப் படித்தவர்கள் இவர்கள். அந்தப் படிப்பு வேறெந்த வேலையிலும் செல்லாது.

கரையோரமாகப் போகும்போது பெரியவர் கழியைச் சேற்றில் குத்தி ஒரு கொத்தைத் தூக்கிக் காட்டினார். விரல் நீளம்கூட இல்லாத கறுத்த சிப்பிகள், நார் நாராக ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு கிடந்தன. மீனவர்கள் இதைக் காக்கா ஆழி என்கிறார்கள். பிறந்த இடம் தென் அமெரிக்கா. கப்பல்கள் பாரத்துக்காக ஏற்றிவந்து இங்கே கொட்டுகிற தண்ணீரோடு வந்திருக்கலாம் என்கிறார்கள் ஆய்வாளர்கள். சேற்றின் மேல் பாய் விரித்தாற்போலப் படர்ந்துவிடுவதால் இறால் உள்ளே நுழைய முடியவில்லை, இறங்கி நடக்கிறவர்களின் காலையும் கிழிக்கிறது. எண்ணூரிலிருந்து பழவேற்காடு வரை இதே பேச்சுதான்.

பாடு பற்றிச் சொல்லியே ஆக வேண்டும். கழிமுகத்தில் நல்ல மீன்பாடு உள்ள இடங்களை ஊர்க்காரர்கள் தங்களுக்குள் முறைவைத்துப் பிரித்துக்கொள்கிறார்கள். இன்று ஒரு கூட்டத்தின் பாடு என்றால் மற்றவர்கள் அங்கே வலை போட மாட்டார்கள். நாளை அடுத்தவர் முறை. பழவேற்காட்டு ஏரியிலும் இதுதான் வழக்கம். யாரும் முழுசாக வாரிக்கொண்டு போகாமல், யாரும் பட்டினி கிடக்காமல், தண்ணீரும் ஓய்வெடுக்க ஒரு ஏற்பாடு. சர்க்கார் சட்டம் எழுதித் தந்ததல்ல, ஆற்றோடு பழகிப் பழகி இவர்களே கண்ட ஒழுங்கு. சாம்பல் மேடான இடங்களிலும் பாடு முறை வருகிறது. தன் முறை வந்த நாளில் பெரியவர் வீட்டிலேயே இருந்துவிடுவாராம். "போயி இன்னா பண்றது? டீசல் காசு கூட தேறாது." மீன் குறைந்தால் வருமானம் போகும் என்பது தெரிந்ததுதான். பகிர்ந்துகொள்ள ஒன்றும் இல்லாமல் போனால் பகிரும் பழக்கமும் போய்விடும். எனக்கு இதுதான் பெரிய இழப்பாகப் படுகிறது.

மழைக்காலத்தைப் பற்றிக் கேட்டேன். முன்பெல்லாம் ஐப்பசி, கார்த்திகை வெள்ளம்தான் கழிமுகத்தைக் கழுவிவிடும். முகத்துவாரம் அகலமாகத் திறந்துகொள்ளும், கடலிலிருந்து இறால் குஞ்சு ஏறும். வெள்ளம் வடிந்த பிறகு வரும் நாட்கள்தான் கைநிறையச் சம்பாதிக்கும் நாட்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் மழையில் அதே வெள்ளம் மணலி தொழிற்பேட்டைப் பக்கமிருந்து எண்ணெயைக் கொண்டுவந்தது. பக்கிங்காம் கால்வாய் வழியாக வந்து கழிமுகம் முழுவதும் பரவி, வீடுகளின் சுவரிலும் படகிலும் வலையிலும் அப்பிக்கொண்டது. கூழைக்கடாக்கள் இறக்கை ஒட்டிக்கொண்டு பறக்க முடியாமல் தத்தளித்த படங்கள் நாடெங்கும் வந்தன. எண்ணெயை அள்ள மீனவர்களே தண்ணீரில் இறங்கினார்கள், வாளியும் மக்கும் எடுத்துக்கொண்டு. 2017 ஜனவரியில் காமராஜர் துறைமுகத்துக்கு அருகே இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியபோதும் வாளிதான். இத்தனை ஆலைகள் நிற்கிற ஊரில் எண்ணெய் அள்ள ஒழுங்கான கருவியும் ஆளும் தயாராக இல்லை என்பது எப்படிப் பொறுத்துக்கொள்ளக்கூடிய விஷயம்?

அந்த டிசம்பர் முடிவதற்குள், 26-ம் தேதி இரவு, உரத் தொழிற்சாலைக்குக் கடலடியில் போகும் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. பெரியகுப்பத்து மக்கள் மூச்சுத் திணறிப் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு இருட்டில் ஓடினார்கள். பலர் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்கள். பல நாள் போராட்டம் நடந்தது.

மதியம் கரைக்குத் திரும்பினோம். மீன் விற்கும் ஓர் அம்மா கூடையை இறக்கி வைத்துவிட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். கூடையில் கொஞ்சம் மடவை, இரண்டு கொடுவா, ஒரு கை இறால். மார்க்கெட்டில் எண்ணூர் மீன் என்றால் மூக்கைப் பொத்துகிறார்களாம். "பழவேற்காடுன்னு சொல்லிதான் விக்கிறேன். எங்க ஊர் பேர சொல்ல எனக்கே வாய் வரல" என்றார். ஒருகாலத்தில் எண்ணூர் இறால் என்றால் சென்னையில் தனி விலை என்று அவரே சொன்னார்.

1996-ல் மத்திய அரசு ஒப்புதல் தந்த கடற்கரை மேலாண்மை வரைபடத்தில் இந்தக் கழிமுகம் காக்கப்பட வேண்டிய நீர்ப்பரப்பாக இருக்கிறது. பிறகு வந்த ஒரு வரைபடத்தில் கழிமுகத்தையே காணோம். வரைபடத்தில் ஆற்றை அழித்த கை எதுவோ, அதற்கு இந்த அம்மாவின் கூடை கணக்கிலேயே இல்லை. 2022-ல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சாம்பலால் வந்த சேதத்தைச் சரிசெய்யச் சொன்னது. 2024 டிசம்பரில் எண்ணூர் அனல்மின் நிலையத்தின் 660 மெகாவாட் விரிவாக்கத் திட்டத்துக்கு நடந்த கருத்துக்கேட்புக் கூட்டத்தில் மீனவர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். பழைய சாம்பல் கிடக்கும்போது புதிய சாம்பலுக்கு இடம் கேட்பது அநியாயம். அதை வேறு சொல்லால் மழுப்ப நான் விரும்பவில்லை.

கிளம்பும் முன், ஆற்றை மீட்பதென்றால் எங்கிருந்து தொடங்குவீர்கள் என்று பெரியவரைக் கேட்டேன். யாரும் இதுவரை கேட்டதில்லை போலும், சட்டென்று உட்கார்ந்து மணலில் கழியால் கோடு கிழித்தார். "முகத்துவாரத்த மட்டும் வெட்டிட்டு போட்டோ எடுத்துட்டு போயிடறாங்க. அது ரெண்டு மாசத்துல தூந்துடும். உள்ள இருந்து தண்ணி வேகமா வந்தாதான் முகம் தொறந்து நிக்கும். அதனால மொதல்ல ரயில் பாலத்துக்குக் கீழ சாம்பல எடுக்கணும். எடுத்தத அலையாத்தி மேல கொட்டக் கூடாது. அப்புறம் அந்தப் பைப்ப மாத்தணும். பைப்ப மாத்தாம எவ்ளோ வாரினாலும் வீண்."