குறும்படம்: ரஃப் கட் (முதல் எடிட்) முடிந்தது, இப்போது ஒலி வேலை

கதை சின்னது. துவைக்கப் போடும் கணவன் சட்டைப் பையில் மனைவிக்கு ஓர் அடகுச் சீட்டு கிடைக்கிறது. பீரோவில் அவள் சங்கிலி இல்லை. சீட்டை அவன் வண்டிச் சாவிக்குப் பக்கத்திலேயே வைத்துவிடுகிறாள். இரவு தோசை சுடுகிறாள், அவன் சாப்பிடுகிறான். அவ்வளவுதான் படம்.

திரைக்கதையில் "எங்கே வச்சீங்க?" என்று ஒரு வசனம் இருந்தது. ஒத்திகையில் மனைவியாக நடிக்கும் அக்கா அதைப் பேசாமல், "இன்னொண்ணு வைக்கவா?" என்றுகூடக் கேட்காமல், அடுத்த தோசையைத் தட்டில் வைத்தாள். சாப்பிட்டவன் நிமிரவே இல்லை. வசனத்தை அங்கேயே அடித்துவிட்டேன்.

சமையலறை டியூப்லைட்டிலேயே போனில் எடுத்தோம். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் பழைய சோக் வைத்த டியூப்லைட் வினாடிக்கு 100 தடவை மினுக்கும். வினாடிக்கு 24 பிரேம், ஷட்டர் (ஒவ்வொரு பிரேமும் ஒளி வாங்கும் நேரம்) 1/50 வினாடி என்று பூட்டிவிட்டால் படத்தில் பட்டை ஓடாது.

ஒலிதான் எனக்கு முக்கியம். காட்சியை எடுக்கும்போது ஃபேன், ஃப்ரிட்ஜ் இரண்டையும் நிறுத்தினோம். (வண்டிச் சாவியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்துவிடுங்கள். கிளம்பும்போது சாவியைத் தேடினால் ஃப்ரிட்ஜைத் திரும்பப் போடும் ஞாபகம் வரும்.) கடைசியில் எல்லாரும் மூச்சுக் காட்டாமல் நிற்க, வெறும் அறையின் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்தோம். ஷாட்டுகள் ஒட்டும் இடத்தில் அது அடியில் ஓடாவிட்டால் காது உடனே கண்டுபிடித்துவிடும்.

ஃப்ரிட்ஜின் உறுமலைத் தனியாக எடுத்து, காட்சி தொடங்கும்போதிலிருந்து மெல்ல ஓடவிட்டேன். அவன் கேட்காமலே வைக்கும் தோசை தட்டில் விழுந்ததும் அது நின்றுவிடுகிறது. அதுவரை அப்படியொரு சத்தம் இருந்ததே பார்ப்பவருக்குத் தெரியாது. நின்ற பிறகு இருவரும் பேசாமல் இருப்பது காதில் விழுகிறது. வெறும் அமைதியைப் போட்டுப் பார்த்தபோது இந்த அழுத்தம் வரவில்லை. அடுத்து அவன் முகம். அதன்மேல் கல்லைச் சுரண்டும் கரண்டிச் சத்தம் மட்டும். நண்பர்கள் வயலின் கேட்கிறார்கள். யார் பக்கம் நிற்க வேண்டும் என்று வயலின் சொல்லிவிடும், அதனால் வேண்டாம்.

அவன் தட்டைத் தானே கழுவி வைக்கும் ஷாட் ஒன்றும் இருக்கிறது. நன்றாக வந்திருக்கிறது. ஆனால் அதை வைத்தால் மன்னிப்புக் கேட்டுவிட்டதாக ஆகும். அவன் இன்னும் கேட்கவில்லை. அந்த ஷாட்டை நீக்கிவிட்டுத்தான் கலர் வேலைக்குப் போகிறேன்.